பின்னால் நடந்து வந்தவள்: வாசகர் கேள்விகளும் பதில்களும்

சென்ற இதழில் எங்கள் 13 நிமிடக் குறும்படத்தைப் பற்றிச் சின்னதாக ஒரு குறிப்பு எழுதியிருந்தேன். பாம்பு கடித்து இறந்துபோன மனைவி யூரிடிசியை மீட்டு வர, ஆர்ஃபியஸ் என்ற பாடகன் உயிரோடு கீழுலகத்துக்கு இறங்கிப் போகிறானே, அந்தக் கிரேக்கக் கதையை வைத்துக் கோத்தகிரிச் சரிவிலேயே, ஒரு வசனம்கூட இல்லாமல் எடுத்த படம். கோத்தகிரியில் ஒரு தடவை, குன்னூரில் ஒரு தடவை திரையிட்டோம். அதற்கப்புறம் வந்த கேள்விகள் நான் நினைத்ததைவிட அதிகம், சில கடிதங்கள் நாலு பக்கம். ஒரே மாதிரி இருந்தவற்றைச் சேர்த்துவிட்டேன். பெயர்களை எடுத்துவிட்டு ஊரை மட்டும் வைத்திருக்கிறேன்.

கேள்வி: எமன் இருக்கிறான், சாவித்திரி இருக்கிறாள், நசிகேதன் இருக்கிறான். நம்மிடம் இல்லாத எதைத் தேடி அம்மா கிரேக்கத்துக்குப் போனீர்கள்? (ஓய்வுபெற்ற தமிழாசிரியர், குன்னூர்)

ஐயா, இதே கேள்வியோடு நானும் ஒரு வருஷம் மல்லுக்கட்டினேன். சாவித்திரி எமன் பின்னாலேயே நடந்து, பேசிப் பேசியே கணவனை மீட்டுவிடுகிறாள். நசிகேதன் எமன் வாசலில் மூன்று ராத்திரி காத்திருந்து மூன்று வரத்தை வாங்குகிறான். நம் கதைகளில் போனவர்கள் ஜெயித்துத் திரும்புகிறார்கள், அந்தக் கதைகள் எனக்கு உயிர். ஆனால் எங்கள் வீட்டுக் கதை அப்படி முடியவில்லை.

என் அம்மாயி, அதாவது அம்மாவின் அம்மா, இலங்கையில், ஹட்டன் பக்கத்துத் தேயிலைத் தோட்டத்தில் பிறந்தவர். 1964இல் இலங்கைப் பிரதமர் சிறிமாவோவும் இந்தியப் பிரதமர் சாஸ்திரியும் போட்ட ஒப்பந்தத்தில், அங்கே நாடற்றவர்களாக இருந்த இந்திய வம்சாவளி மக்களில் 5,25,000 பேரை இந்தியா எடுத்துக்கொள்ளும், 3,00,000 பேருக்கு இலங்கை குடியுரிமை தரும் என்று எழுதினார்கள், மிச்சமிருந்த 1,50,000 பேரை 1974இல் பாதிக்குப் பாதி பிரித்துக்கொண்டார்கள். ஒரே லயத்தில் (தோட்டத்து வரிசை வீட்டில்), ஒரே அடுப்பில் சமைத்துக்கொண்டிருந்த குடும்பத்துக்குள் அந்தக் கணக்கு வந்து விழுந்தது. அம்மாயிக்கு இந்தியப் பாஸ்போர்ட் வந்தது, அவருடைய அக்காவுக்கு வரவில்லை. ஹட்டனில் ஏறித் தலைமன்னார் போன அந்த ரயிலை அம்மாயி இன்றைக்கும் ‘அழுகைக் கோச்சி’ என்றுதான் சொல்கிறார். அங்கிருந்து கப்பலில் ராமேஸ்வரம், மண்டபம் முகாம், அப்புறம் இந்த மலை. ஸ்டேஷனில் அக்கா நின்றிருந்தார். “நீங்க திரும்பிப் பாத்தீங்களா அம்மாயி?” என்று ஒரு நாள் கேட்டேன். “பாத்திருந்தா எறங்கியிருப்பேன்டி, அதான் பாக்கல” என்றார்.

ஆர்ஃபியஸ் திரும்பிப் பார்த்ததால் மனைவியை இழந்தான். அம்மாயி திரும்பிப் பார்க்கவில்லை, வந்து சேர்ந்துவிட்டார், ஆனால் அந்த அக்காவை அப்புறம் அவர் பார்க்கவே இல்லை. இரண்டு கதையிலும் பின்னால் ஒருத்தி நிற்கிறாள். அவளைப் பற்றித்தான் நான் படம் எடுக்க ஆசைப்பட்டேன். அதற்கு இடம் கொடுத்தது அந்தக் கிரேக்கக் கதை.

கேள்வி: படம் முழுக்க ஒரு ஆளின் முதுகைத்தான் பார்த்தோம். அவன் முகமும் இல்லை, அவள் முகமும் இல்லை. இதைத்தான் பரிசோதனைப் படம் என்கிறீர்களா அக்கா? (கல்லூரி மாணவர், ஊட்டி)

கேமரா நிற்கிற இடம்தான் யூரிடிசி, தம்பி. அவள் கண் உயரத்தில், அவனுக்குப் பத்தடி பின்னால், கடைசிக்கு முந்தின காட்சிவரை அங்கேயேதான் இருக்கிறது. நடந்து போகிற ஒருவனின் சால்வை, குதிகால், பிடரி, அவன் மூச்சு விடும்போது காது ஓரத்தில் தெரிகிற ஆவி. பின்னால் வருகிறவளுக்கு அவ்வளவுதான் தெரியும்.

இந்தக் கதையைச் சொன்ன பெரியவர்கள் பெரும்பாலும் ஆர்ஃபியஸோடுதான் நடந்திருக்கிறார்கள். மேலே வெளிச்சத்துக்கு வந்து சேரும்வரை திரும்பக் கூடாது என்பது நிபந்தனை, அவன் வாசலுக்குக் கிட்டத்தில் வந்து திரும்பிவிடுகிறான், அவள் மறுபடியும் கீழே போய்விடுகிறாள். அந்த நொடியில் அவள் என்ன செய்தாள் என்பதில் ரோமானியக் கவிஞர்கள் இரண்டு பேர் இரண்டு விதமாகச் சொல்கிறார்கள். வெர்ஜிலின் யூரிடிசி வாய்விட்டே கேட்கிறாள், என்னையும் உன்னையும் சேர்த்து அழித்த இது என்ன பித்து என்று. ஓவிட்டின் யூரிடிசி குறையே சொல்லவில்லை. தன்மேல் பிரியம் வைத்தான் என்பதைத் தவிர அவள் எதைக் குறை சொல்ல முடியும் என்று கேட்கிறார் ஓவிட். ஒற்றைச் சொல்லில் விடைபெறுகிறாள், அதுவும் அவன் காதில் சரியாக விழவில்லை. இந்த இரண்டு பெண்களுக்கும் நடுவில்தான் எங்கள் படம் நிற்கிறது.

இன்னொன்றையும் கவனித்திருப்பீர்கள், எங்கள் படத்தில் அவன் திரும்பவே இல்லை. விதியை மீறாமல் நடந்து, தார்ரோட்டில் தெருவிளக்குக்குக் கீழே போய்ச் சேர்ந்துவிடுகிறான். அப்படியும் கேமரா பாதி வழியில் நின்றுவிடுகிறது. ஏன் நின்றது என்று நிறையப் பேர் கேட்டிருக்கிறார்கள். அதற்கான பதில் அம்மாயியின் அக்காவுக்கு ஏன் பாஸ்போர்ட் வரவில்லை என்பதற்கான பதிலைப் போன்றது, என்னிடமும் இல்லை.

பரிசோதனை என்றால் புரியாமல் எடுப்பது என்று ஒரு எண்ணம் இங்கே இருக்கிறது, அதை நான் ஏற்றுக்கொள்ளவில்லை. சொல்ல வந்ததை வழக்கமான வழியில் சொல்ல முடியாதபோது வேறு வழி தேடுகிறோம், அவ்வளவுதான். 1950இல் பிரெஞ்சு இயக்குநர் ழான் காக்தோ தன் ஆர்ஃபியஸ் படத்தில் கண்ணாடிதான் கீழுலகத்தின் வாசல் என்று வைத்தார். கை கண்ணாடிக்குள் நுழைகிற காட்சியைப் பாதரசம் நிரப்பிய தொட்டியில் கையை விட்டு எடுத்தார்கள். பார்க்கிறவருக்கு அதில் புரியாதது ஒன்றுமே இல்லை.

கேள்வி: பாதாளம் என்றால் எண்ணெய்க் கொப்பரையாவது இருக்கும் என்று பார்த்தேன். வெறும் தேயிலைத் தோட்டமும் மூடுபனியும்தானா? (வாசகி, அரவங்காடு)

கிரேக்கர்களின் கீழுலகமான ஹேடிஸ் நம் நரகம் மாதிரி தண்டனைக்கூடம் கிடையாதுங்க. தண்டனை வாங்குகிறவர்கள் விரல்விட்டு எண்ணக்கூடிய சிலர். பாறையை மலை உச்சிக்கு உருட்டி உருட்டி, அது திரும்ப உருண்டுவர நிற்கிற சிசிஃபஸ், கழுத்தளவு தண்ணீரில் நின்றும் தாகம் தீராத டான்டலஸ், இப்படி. மற்ற எல்லாரும், நல்லவர் கெட்டவர் பேதமில்லாமல், அஸ்ஃபோடல் என்ற பூ பூத்த ஒரு மங்கலான புல்வெளியில் நிழலாக நடமாடுகிறார்கள். வலி இல்லை, வெயிலும் இல்லை. மாவீரன் அகிலீஸே அங்கே இருந்துகொண்டு, செத்தவர்களுக்கெல்லாம் ராஜாவாக இருப்பதைவிட நிலமில்லாத ஏழையிடம் கூலிக்கு உழைப்பேன் என்கிறான். கிரேக்கக் கவிஞர் ஹோமரின் ஒடிசி காவியத்தில் 11ஆம் பாகத்தில் வருகிறது இது.

ஓவிட் அந்த ஏற்றப் பாதையை எப்படி எழுதியிருக்கிறார் தெரியுமா, செங்குத்தான, இருண்ட, சத்தமே இல்லாத, அடர்ந்த பனிமூட்டம் சூழ்ந்த பாதை. இதைப் படித்த அன்றைக்கே லொக்கேஷன் முடிவாகிவிட்டது. வடகிழக்குப் பருவமழை மாதங்களில் சாயங்காலம் ஐந்தரை மணிக்குக் கோத்தகிரியில் பள்ளத்தில் இருந்து மேகம் ஏறி வரும் பாருங்கள், முதலில் சில்வர் ஓக் மரங்களின் கால் மறையும், அப்புறம் உடம்பு, கடைசியில் உச்சி மட்டும் மிதக்கும். அதற்கு மேல் எந்தச் செட்டும் தேவைப்படவில்லை.

கேள்வி: தலைப்பே ஏன் இல்லை? (குன்னூர்)

கிரேக்கர்கள் கீழுலக ராஜாவின் பெயரை வாய்விட்டுச் சொல்லத் தயங்குவார்கள். கீழுலகத்துக்கும் அதன் ராஜாவுக்கும் பொதுவான ஹேடிஸ் என்ற பெயருக்கே ‘கண்ணுக்குத் தெரியாதவன்’ என்று பழங்காலத்தில் பொருள் சொன்னார்கள். நாங்கள் வைத்துப் பார்த்த எல்லாத் தலைப்பும் ஆர்ஃபியஸின் பக்கம் சாய்ந்தது. அதனால் விட்டுவிட்டோம்.

கேள்வி: காலி டம்ளரில் டீ தானாக நிரம்பியது, ஆவி டம்ளருக்குள் போனது. கிராஃபிக்ஸா? (திருமண வீடியோ எடுப்பவர், மஞ்சூர்)

கிராஃபிக்ஸ் இல்லை, ரிவர்ஸ்தான். முதலில் ஏன் என்று சொல்லிவிடுகிறேன். கீழுலகத்தில் ஐந்து ஆறுகள், ஸ்டிக்ஸ் வெறுப்பின் ஆறு, அக்கெரான் துயரத்தின் ஆறு, கொசைட்டஸ் ஓலம், ஃப்ளெகத்தான் நெருப்பு, லீத்தி மறதி. லீத்தியின் தண்ணீரைக் குடித்தால் வாழ்ந்த வாழ்க்கை மறந்துபோகும். எங்கள் படத்தில் லீத்தி ஒரு கிளாஸ் டீ. மேலே கிளம்ப வேண்டுமானால் குடித்ததெல்லாம் திரும்ப டம்ளருக்குப் போயாக வேண்டும், அப்போதுதான் அவளுக்கு நினைவு வரும்.

செய்தது இதுதான். விடிகாலை, நல்ல குளிர், டம்ளருக்குப் பின்னால் கறுப்புக் கம்பளி, பக்கவாட்டில் கொஞ்சம் பின்தள்ளி ஒரு டார்ச். ஆவி எப்போதும் பின்னால் இருந்து வெளிச்சம் பட்டால்தான் தெரியும், முன்னால் இருந்து அடித்தால் ஒன்றும் இருக்காது. கேமராவை நடிகையின் கன்னத்தோடு ஒட்டி வைத்துக்கொண்டோம், அவர் மெதுவாக, இடைவெளி விடாமல் குடித்தார். எடிட்டிங்கில் திருப்பிப் போட்டோம். கடைசி மடக்கு முதல் மடக்காகிவிடும் என்பதால் டம்ளர் ஓரத்தில் ஒட்டியிருந்த நுரையைக் கவனிக்க வேண்டியிருந்தது. காலியான டம்ளரில் நுரை வளையம் இருந்து, டீ ஏறி வந்து அதைத் தொட்டு அழிக்கிறது. அது நாங்கள் யோசித்து வைத்தது கிடையாது, அன்றைக்குக் காலையில் டம்ளர் கொடுத்தது. நீங்கள் கல்யாண வீட்டிலேயே ஊதுபத்திப் புகையை வைத்து ஒரு தடவை முயற்சி பண்ணிப் பாருங்கள், போனே போதும்.

கேள்வி: ஆரம்பத்தில் நெற்றியில் இருக்கும் காசு நம் வழக்கமா, அவர்கள் வழக்கமா? (கூடலூர் வாசகி)

இரண்டும். கிரேக்கர்கள் இறந்தவரின் வாயில் ஒரு ஓபோல் காசு வைப்பார்கள், ஒரு டிராக்மாவில் ஆறில் ஒரு பங்கு, ஆற்றைக் கடக்க வைக்கிற கேரன் என்ற படகோட்டிக்குக் கூலி. நாம் வாயில் அரிசியும் நெற்றியில் காசும் வைக்கிறோம். என் தாத்தா இறந்தபோது நெற்றியில் சந்தனத்தைக் குழைத்து ஒரு ரூபாயை ஒட்டினார்கள், எனக்கு அப்போது ஒன்பது வயது, அந்தக் காசு யாருக்கு என்று யாரைக் கேட்பது என்றே தெரியவில்லை.

படத்தில் அந்தக் காட்சிக்கு 11 டேக் ஆனது. நடிகை மூச்சை எவ்வளவு அடக்கினாலும் காசின் விளிம்பில் விழுந்த வெளிச்சம் லேசாகத் துடித்துக்கொண்டே இருந்தது. பத்தாவது டேக்கில்தான் எங்களுக்குப் பிடிபட்டது, அது மூச்சு இல்லை, நாடி. பதினொன்றாவதில் அதை அடக்கச் சொல்லவில்லை. பெரிய திரையில் பார்த்தால் தெரியும், செத்தவள் நெற்றியில் காசு துடிக்கும்.

கேள்வி: மூன்று தலை நாயைக் காட்டவே இல்லையே? (ஆறாம் வகுப்பு மாணவி, கோத்தகிரி)

கீழுலக வாசலைக் காக்கிற செர்பரஸைக் கேட்கிறாய், சரிதானே கண்ணு? அது படத்தில் இருக்கிறது, காதால் பார்க்க வேண்டும். ராத்திரி லைன் வீட்டு நாய் ஒன்று குரைத்தால் எதிர்ச்சரிவில் ஒன்று பதில் கொடுக்கும், கீழே பள்ளத்தில் இன்னொன்று. மூன்றும் மூன்று திசையில் இருந்து ஒரே நேரத்தில் குரைக்கிற 20 விநாடியைத்தான் வைத்திருக்கிறோம். அடுத்த முறை கண்ணை மூடிக்கொண்டு கேட்டுப் பார்.

கேள்வி: நடுவில் கேட்கிற ரயில் சத்தம் ஊட்டி ரயில்தானே? அது மேலே ஏறுகிற ரயில், பாதாளத்துக்கும் அதற்கும் என்ன சம்பந்தம்? (ரயில்வே ஊழியராக இருந்தவர், மேட்டுப்பாளையம்)

நீங்கள் கேட்டதில் எனக்கு ரொம்பச் சந்தோஷம், ஏனென்றால் அந்தச் சத்தத்தில்தான் என் முழுப் படமும் இருக்கிறது. உங்களுக்குத் தெரியாதது இல்லை, மற்ற வாசகர்களுக்காகச் சொல்கிறேன். 1899இல் குன்னூர் வரையும் 1908இல் ஊட்டி வரையும் வந்த இந்தப் பாதையில், கல்லாரில் இருந்து குன்னூர் வரை தண்டவாளத்துக்கு நடுவே பல்சட்டம் ஓடுகிறது, கிட்டத்தட்ட 12 அடிக்கு ஒரு அடி ஏற்றம். இந்த ஏற்றத்தில் நீராவி இன்ஜின் முன்னால் நின்று இழுப்பதில்லை, பின்னால், பள்ளத்துப் பக்கம் நின்று பெட்டிகளைத் தள்ளுகிறது.

சின்ன வயதில் இருந்து எத்தனையோ தடவை போயிருக்கிறேன், போன வருஷம்தான் உறைத்தது. முன்பெட்டியில் உட்கார்ந்திருப்பவருக்கு எதிரே மலை, காடு, குகையின் இருட்டு எல்லாம் தெரியும். தன்னை மேலே கொண்டுபோகிறது எதுவோ அது மட்டும் தெரியாது. அது மூச்சு வாங்கிக்கொண்டு பின்னால் வருகிறது, சத்தத்தை வைத்துத்தான் அது இருக்கிறது என்று நம்ப வேண்டும். ஆர்ஃபியஸால் அந்த நம்பிக்கையைக் காப்பாற்ற முடியவில்லை, அவள் நிழலாக இருந்ததால் காலடிச் சத்தம்கூட இருந்திருக்காது. ரயிலில் படம் எடுக்க அனுமதியும் கட்டணமும் உண்டு, எங்களிடம் அதற்கான பணம் இல்லை. அதனால் டிக்கெட் வாங்கிக்கொண்டு போய், சத்தத்தை மட்டும் போனில் பதிந்துகொண்டு வந்தேன்.

கேள்வி: நீலகிரியில் எடுத்துவிட்டு இந்த மலையின் சொந்தக் கதைகளைத் தொடவே இல்லையே, ஏன்? (ஆய்வு மாணவி, ஊட்டி)

தெரிந்துகொண்டேதான் தொடவில்லை. தோடர்களின் கதை ஒன்று இருக்கிறது, 1901-02இல் இங்கே வந்து தங்கிய ரிவர்ஸ் என்ற ஆங்கிலேய மானுடவியலாளர் 1906இல் வெளியிட்ட நூலில் பதிந்திருக்கிறார். ஓன் என்ற தெய்வத்தின் மகன் தண்ணீரில் மூழ்கி இறந்துவிடுகிறான். மகனைப் பிரிந்திருக்க முடியாமல் ஓன் தானும் அம்நோர் என்ற இறந்தோர் உலகத்துக்குப் போய்விடுகிறார், அங்கேயே ஆண்டுகொண்டிருக்கிறார். மீட்டுக்கொண்டு வரப் போகவில்லை, கூட இருக்கப் போனார். நான் படித்த பாதாளக் கதைகளில் என்னை அதிகமாக அழவைத்தது இதுதான். அந்த உலகத்துக்குப் போகிற வழியில் ஆறும் அதன்மேல் நூலால் ஆன பாலமும் உண்டு என்கிறார்கள், படகர்களின் சாவுச் சடங்கில் சொல்லப்படும் வேண்டுதலிலும் அந்த நூல் பாலம் வருகிறது.

ஆனால் இவை புத்தகத்தில் இருக்கிற பழங்கதைகள் கிடையாது, பக்கத்து வீட்டில் இன்றைக்கும் சாவு விழுந்தால் உயிரோடு வருகிற நம்பிக்கைகள். நான் வெளியாள். கிரேக்கக் கதையை நான் தப்பாகச் சொன்னால் ஹோமருக்கு வலிக்காது. தோடர் இளைஞர் யாராவது, படகர் பெண் யாராவது தங்கள் கதையைத் தாங்களே எடுக்க முன்வந்தால் லைட் பிடிக்க நான் வருகிறேன், நிஜமாகவே.

கேள்வி: செலவு எவ்வளவு? நாங்கள் கோயம்புத்தூரில் இருந்து வந்து எடுக்க நினைக்கிறோம். (நான்கு நண்பர்கள்)

எங்களுக்கு 18,400 ரூபாய், பாதி சாப்பாடும் ஜீப்பும். ஐந்து பேர், நாலு ராத்திரி. வெளியூர் வண்டிக்கு இ-பாஸ் வேண்டும், 2024 மே மாதத்தில் இருந்து நடைமுறையில் இருக்கிறது. காட்டுக்குள் வனத்துறை அனுமதி இல்லாமல் கால் வைக்காதீர்கள், ட்ரோன் வேண்டவே வேண்டாம். தோட்டம் என்றால் தோட்டக்காரரிடம் கேளுங்கள், டீ கொடுத்து அனுமதிப்பார்கள். ராத்திரியில் காட்டுமாடும் கரடியும் நடமாடும், எங்களுக்கே ஒரு ராத்திரி முழுக்கப் போனது, பாதையில் காட்டுமாடு ஒன்று படுத்துவிட்டது, நாங்கள் ஜீப்புக்குள் உட்கார்ந்து விடிய விடியப் பார்த்துக்கொண்டிருந்தோம். உள்ளூர்க்காரர் ஒருவர் கூட இல்லாமல் இருட்டில் எடுக்காதீர்கள்.

கேள்வி: போன ஐப்பசியில் என் அம்மா போய்விட்டார். நான் திருப்பூரில் வேலையில் இருந்தேன், வந்து சேர்வதற்குள் முடிந்துவிட்டது. உங்கள் படத்தைப் பார்த்துவிட்டு இரண்டு நாள் தூங்கவில்லை. எதற்காக இப்படிப்பட்ட படம் எடுக்கிறீர்கள்? (குன்னூர்)

உங்கள் கடிதத்தைப் பல தடவை படித்தேன். தூக்கத்தைக் கெடுத்ததற்கு என்னை மன்னியுங்கள் சகோதரி.

ஹோமரின் ஒடிசியில் அதன் நாயகன் ஒடிசியஸ் கீழுலகத்தின் விளிம்புக்குப் போகிறான். வழி கேட்கத்தான் போகிறான். ஒரு குழி வெட்டி, பாலும் தேனும், அப்புறம் திராட்சை மதுவும் தண்ணீரும் ஊற்றி, மாவைத் தூவி, ஆட்டு ரத்தத்தை விடுகிறான். நிழல்கள் கூடுகின்றன. அந்தக் கூட்டத்தில் அவன் அம்மா ஆன்டிக்ளியா நிற்கிறாள். அவன் ஊரைவிட்டுக் கிளம்பும்போது அவள் உயிரோடு இருந்தாள், இறந்ததே அவனுக்குத் தெரியாது. எப்படிப் போனாய் அம்மா, நோயா என்று கேட்கிறான். நோய் இல்லை, உன் நினைப்புதான் என்னைக் கொண்டுபோனது என்கிறாள். மூன்று தடவை கட்டிக்கொள்ளப் போகிறான், மூன்று தடவையும் கைக்குள் நிழல்போல, கனவுபோல நழுவுகிறாள். ஆனால் அவள் பேசுவதை நிறுத்தவில்லை. அப்பா எப்படி இருக்கிறார், மனைவி எப்படிக் காத்திருக்கிறாள், பிள்ளை எப்படி வளர்ந்திருக்கிறான் என்று ஒவ்வொன்றாக முன்பே சொல்லியிருந்தவள், சீக்கிரம் வெளிச்சத்துக்குப் போ என்று அனுப்பிவைக்கிறாள். வர முடியாமல் போன ஒரு பிள்ளையும் அம்மாவும் பேசிக்கொள்ள மனுஷர்கள் அத்தனை நூற்றாண்டுக்கு முன்னாலேயே ஒரு இடம் கட்டி வைத்திருக்கிறார்கள். அந்த இடத்தில் நானும் கொஞ்ச நேரம் நிற்க ஆசைப்பட்டேன், அதற்காகத்தான் எடுத்தேன். முடிந்தால் ஒரு நாள் வீட்டுக்கு வாருங்கள், அலுவலக முகவரிக்கு ஒரு வரி எழுதினால் போதும்.

கேள்வி: உங்கள் அம்மாயி படம் பார்த்தாரா? (நிறையப் பேர்)

படம் திரையிட்ட மண்டபத்துக்கு வர முழங்கால் விடவில்லை, வீட்டில் லேப்டாப்பில் போட்டுக் காட்டினேன். ரயில் சத்தம் வந்தபோது, “இது நம்ம கோச்சி இல்ல, ஊட்டி ரயிலு” என்றார். அப்புறம் ஒன்றும் பேசவில்லை. கடைசிக் காட்சியில்தான் முதன்முதலாக அவளை முழுசாகக் காட்டுகிறோம், பாறைமேல் தனியாக நிற்கிறாள், மேகம் ஏறி வருகிறது, மேலே தார்ரோட்டில் சால்வை போர்த்திய அவன் சின்னப் புள்ளியாகப் போய்க்கொண்டிருக்கிறான். முடிந்ததும் மறுபடி அந்த இடத்தைப் போடச் சொன்னார். போட்டேன். திரைக்குக் கிட்டத்தில் குனிந்து பார்த்தார்.

“சால்வைய அந்தப் புள்ளைக்குக் குடுத்துட்டுப் போயிருக்கலாம்ல அவன். இந்தக் குளிர்ல நிக்கிறாளே” என்றார்.